நிலாவைத் திட்டிய வேம்பி

முன்னொரு காலத்தில், மலைகளுக்குக்கூட யாரும் பெயர் வைக்காத காலத்தில், பனிக்கரை என்றொரு ராஜ்யம் இருந்தது. அங்கே குழந்தைகள் குரல் இல்லாமல்தான் பிறக்கும். பயப்படாதீர்கள், அதற்கு வழி இருந்தது. ஊர்க் குன்றின் உச்சியில் வெள்ளை வெளேரென்று நிலாக்கல் நின்றது. பௌர்ணமி சாயங்காலம், எழும்புகிற நிலாவின் முதல் ஒளி கல்லில் விழும்போது தவழத் தொடங்கிய குழந்தையின் பாதத்தை அதில் வைப்பார்கள். குழந்தை வீலென்று கத்தும். குரல் வந்துவிட்டது!

ஆனால் அந்த நிலா சரியான தூங்குமூஞ்சி. அரைத் தூக்கத்தில் எழும்பினால் குரல் கொடுக்க மறந்துவிடும். அதனால் பெண்களெல்லாம் கல்லைச் சுற்றி நின்று அதைத் திட்டுவார்கள். "பிள்ளைங்க எம்புட்டு நேரம் காத்துக் கிடக்கும்? கண்ணைத் தொறந்துட்டு வா, சோம்பேறி!" நிலா ஒருநாளும் கோபித்துக்கொண்டதில்லை. நன்றாக முழித்துக்கொள்ளும். பனிக்கரையில் அதுதான் பூஜை.

இந்த ஊருக்குத் தேன்வாயன் என்ற மந்திரவாதி வந்து சேர்ந்தான். அரசன் நெடுங்கோவிடம் போய், "மகாராஜா, புனிதமான இடத்தில் வசவா? அண்டை நாட்டார் சிரிக்க மாட்டார்களா?" என்றான். அரசனுக்கு வெட்கமாகப் போய்விட்டது.

கேளுங்கள் இந்த அநியாயத்தை! பிள்ளை பெற்றவளை ஒரு வார்த்தை கேட்டானா அந்த அரசன்? இல்லை. உடனே குன்றின் உச்சியைச் சுற்றி மதில் எழுப்பினான். மதிலில் ஒரே ஒரு வாசல். அந்த வாசலில் தேன்வாயன் மந்திரம் போட்டான். அதைத் தாண்டி உள்ளே போனவர் வாயில் வசவு வராது, புகழ்ச்சிதான் வரும். புகழ்ச்சி கேட்ட நிலா இன்னும் சொகுசாகத் தூங்கியது. தூங்குகிற நிலாவிடமிருந்து பிள்ளைகளின் குரல்களைத் திருடித் தன் சங்குக்குள் அடைத்துக்கொண்டான் தேன்வாயன். பிள்ளைகள் சத்தமில்லாமல் கிடக்க, அவன் பேச்சு மட்டும் நாளுக்கு நாள் இனித்ததை ஊரே கவனித்தது. அவன் எது சொன்னாலும் அரசன் தலையாட்டினான்.

குன்றின் அடிவாரத்தில் வேம்பி என்றொருத்தி இருந்தாள். அவளைப் போலக் காரமாகத் திட்ட ஊரில் ஆள் கிடையாது. அவளுடைய பெண்குழந்தை தும்பைக்கு இன்னும் குரல் வரவில்லை.

முதல் பௌர்ணமிக்கு வேம்பி வாசலைத் தாண்டிப் போனாள். திட்டலாம் என்று வாயைத் திறந்தாள். "முத்தே! மணியே!" என்று வந்தது. நிலா தூங்கியது. தும்பை சத்தமில்லாமல் சிரித்தாள்.

இரண்டாம் பௌர்ணமிக்கு வழியெல்லாம் திட்டிப் பழகிக்கொண்டே போனாள். வாசலைத் தாண்டியதும், "பாலே! பழமே!" என்று வந்தது. நிலா தூங்கியது. தும்பை சத்தமில்லாமல் கொட்டாவி விட்டாள்.

அதற்குப் பிறகு ஒருநாள், வேம்பி முதுகைக் காட்டி மாவு பிசைந்துகொண்டிருந்தாள். தும்பை தவழ்ந்து போய் அடுப்பில் கிடந்த நெருப்புக் கங்கைப் பிடித்துவிட்டாள். கை வெந்தது. வாய் கோணியது. கண்ணீர் கொட்டியது. சத்தம் மட்டும் வரவில்லை. வேம்பி திரும்பிப் பார்த்தபோது உள்ளங்கை முழுக்கக் கொப்பளம். ஐயோ, பெற்றவள் ஒரு எட்டுத் தூரத்தில் இருந்தும் அவளுக்குத் தெரியவில்லையே!

மூன்றாம் பௌர்ணமி வந்தது. பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு வேம்பி விறுவிறுவென்று குன்றேறினாள். வாசலருகே வந்ததும் நின்றாள்.

காவலாளி, "உள்ளே போம்மா, மகாராஜா வந்தாச்சு" என்றான்.

"நிலா என்ன உள்ளயா இருக்கு?" என்று கேட்டாள் வேம்பி.

காவலாளி அண்ணாந்து வானத்தைப் பார்த்தான். வேம்பி மதிலுக்கு வெளியே, முள்ளும் கல்லுமாகக் கிடந்த இடத்தில் காலை ஊன்றி நின்றாள்.

"ஏய் நிலாவே! உன்னைத்தான்! நாலு பேர் முத்தே மணியேன்னதும் மயங்கிக் கெடக்கியா? எம் புள்ள கையைப் பாரு! வெந்துபோச்சு! ஒரு 'அம்மா' சொல்ல முடியல அதுக்கு! நீ குடுக்க வேண்டிய குரலை எவனோ திருடித் திங்கிறான், நீ குறட்டை விடுறே! இதுக்கு எதுக்கு உனக்கு அம்புட்டு வெளிச்சம்? முழிச்சுத் தொலை!"

மந்திரவாதி பதறிப்போய் மதில்மேல் ஏறி, "அம்மணி, இது புனிதமான..." என்று இழுத்தான்.

"வாயை மூடுடா! உன்கிட்ட அப்புறமா வாரேன்!"

கீழே ஊரில் இருந்த பெண்களுக்கும் அது கேட்டது. எத்தனை நாள் அடக்கிவைத்த ஆத்திரம்! ஒவ்வொருத்தியாகக் குன்றேறி வந்து, மதிலுக்கு வெளியே நின்று திட்ட ஆரம்பித்தார்கள்.

நிலா திடுக்கிட்டுக் கண்விழித்தது. அதன் ஒளி பளீரென்று விழ, தேன்வாயன் கையிலிருந்த சங்கு படீரென்று வெடித்தது. குரல்களெல்லாம் அவரவர் பிள்ளைகளைத் தேடிப் பறந்தன. மதில் சரிந்தது. மந்திரவாதி ஏதோ சொல்லப் பார்த்தான். துருப்பிடித்த கதவு மாதிரி கிரீச் என்றுதான் வந்தது. அதைக் கேட்டு யாரும் மயங்கவில்லை. குன்றிறங்கி ஓடியவன் ஓடியவன்தான்.

வேம்பி தும்பையின் பாதத்தை நிலாக்கல்லில் வைத்தாள்.

"வீல்!"

அம்மாடி, என்ன சத்தம்! வெந்த கைக்கு அழுதாள். பசித்த நாளுக்கெல்லாம் அழுதாள். சேர்த்துவைத்த அத்தனை அழுகையையும் அன்றைக்கே அழுதாள். கூடவே ஊர்ப் பிள்ளைகள் அத்தனையும் கத்தின.

அரசன் காதைப் பொத்திக்கொண்டு வந்தான். "அம்மா, இது புனிதமான இடம். குழந்தையைக் கொஞ்சம் அழாமல்..." என்று தொடங்கினான்.

பெண்கள் எல்லோரும் திரும்பி அவனைப் பார்த்தார்கள்.

அரசன் வாயை மூடிக்கொண்டான். வேம்பி நிலாக்கல்லில் சாய்ந்து உட்கார்ந்து, பிள்ளை அழுது முடிக்கும்வரை அழவிட்டாள்.