வேம்பனின் காணாமற்போன ஒன்றரை வீடு

ஆவணி, பதினேழாம் நாள். இன்று மாலை வகுப்பில் தப்பாகக் கணக்குச் சொன்னேன். வீட்டுக்கு ஆயிரம் பணம் கடன், வழக்கமான வட்டி, மாதம் பதினோரு பணம் தவணை, ஐந்து வருடம் கட்டியாயிற்று, மீதி எவ்வளவு என்று ஆசிரியர் கேட்டார். என் வீட்டுக் கணக்கும் அதுவேதான் என்பதால் முந்திக்கொண்டு கையைத் தூக்கினேன். கட்டியது அறுநூற்று அறுபது, மீதி முந்நூற்று நாற்பது என்றேன். வகுப்பே சிரித்தது. மீதி தொள்ளாயிரத்துப் பதினெட்டாம். தப்பு என்னுடையதாகத்தான் இருக்கும். இருந்தாலும் ராத்திரி இன்னொரு தடவை போட்டுப் பார்க்க வேண்டும்.

இப்படி ஓலையில் எழுதி வைத்துவிட்டுத் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்த வேம்பன், சபையையே சிரிக்க வைக்கிற அரண்மனை விகடன். அவன் ஏன் சிரிக்காமல் உட்கார்ந்திருந்தான் என்று தெரிய வேண்டுமானால், அவனுடைய ராஜாவைப் பற்றி முதலில் தெரிந்தாக வேண்டும்.

எண்களைக் கேட்டால் தலைவலி வந்துவிடும் ராஜா ஒருவர் முன்னொரு காலத்தில் இருந்தார். பெயர் இளவழுதி. மதம் பிடித்த யானைக்கு அஞ்சமாட்டார். ஆனால் யாராவது ‘ஏழேகால்’ என்று சொல்லிவிட்டால் நெற்றியைப் பிடித்துக்கொள்வார். ஆகவே அவர் ஒரு சட்டம் போட்டிருந்தார். சபையிலோ அவர் முன்னாலோ யாரும் எண் சொல்லக் கூடாது. சொன்னவர், மந்திரியே ஆனாலும், சபை கலையும் வரை சுவரைப் பார்த்து நிற்க வேண்டும். ‘நிறைய’, ‘கொஞ்சம்’, ‘போதும்’, ‘போதாது’ என்ற நாலே சொற்களை வைத்துக்கொண்டு அந்த ராஜ்யம் எப்படியோ நடந்துவந்தது.

இந்தச் சட்டத்தால் கொழித்தவர் ஒரே ஒருவர்தான்: கஜானா அதிகாரி அரங்கேசர். கணக்குக் கேட்க ஆளில்லாத கஜானாவைவிட வசதியான இடம் வேறென்ன இருக்கிறது?

ஒருநாள் ராஜாவுக்கு ஓர் ஆசை வந்தது. “என் அரண்மனையில் வேலை செய்கிறவர்கள் யாரும் வாடகை வீட்டில் குடியிருக்கக் கூடாது. ஆளுக்கொரு சொந்த வீடு வேண்டும்” என்றார்.

அரங்கேசர் கைகட்டி முன்னால் வந்தார். “கஜானா கடன் கொடுக்கும், மகாராஜா. மாதாமாதம் கொஞ்சம் கட்டினால் போதும். கடன் தீர்வது அவர்களுக்கே தெரியாது.”

பிற்பாடு பார்த்தால், அந்தக் கடைசி வார்த்தை மட்டும் முழு உண்மை.

எல்லோரையும் போல வேம்பனும் கையெழுத்துப் போட்டான். அவன் மனைவி நாகம்மை அதுவரை இருந்த வாடகை வீட்டில் சுவரில் ஓர் ஆணி அடிக்க வீட்டுக்காரர் விட்டதில்லை. சொந்த வீட்டுக்குப் போன அன்று அவள் கூடம், சமையலறை, கொல்லைச் சுவர் என்று ஒன்று விடாமல் ஆணி அடித்தாள். மாட்டுவதற்குச் சாமான் இல்லாத ஆணிகளே பாதி. அந்த ஆணிகளைப் பார்த்துக்கொண்டே ஐந்து வருடம் தவணை கட்டினார்கள்.

வேம்பனுக்கு எண்கள் பிடிபடாது. அரண்மனைக்குள் பேசிப் பழகவும் வழியில்லை. அதனால் வெட்கத்தை விட்டு, செக்குக்காரர் முற்றத்தில் மாலையில் நடக்கிற கணக்கு வகுப்பில் போய்ச் சேர்ந்தான். சேர்ந்த இடத்தில்தான் அந்தச் சிரிப்பு.

அன்றிரவு கணக்கை மறுபடி போட்டான். ஆசிரியர் சொன்ன அதே விடை வந்தது. தன்மேல் நம்பிக்கையில்லாமல் தலைகீழாகப் போட்டான். அப்போதும் அதுவே வந்தது.

“என்னய்யா, வீட்டை விக்கப் போறவன் மாதிரி உக்காந்திருக்கே?” என்றாள் நாகம்மை.

“நாகு, நாம மொத மாசம் கட்டின பதினோரு பணத்துல கடனுக்குன்னு போனது எவ்வளவு தெரியுமா?”

“இதென்ன கேள்வி? பதினொண்ணு.”

“ஒண்ணு.”

“மீதிப் பத்து?”

“வட்டி. நூறு பணத்துக்கு மாசம் ஒரு பணம். ஆயிரத்துக்குப் பத்து.”

“சரி, அடுத்த மாசமாவது ஒழுங்கா கழிச்சானா?”

“ஒண்ணும், அதுக்கு மேல ஒரு துளியும் கழிச்சான். கடன் அவ்வளவு மெதுவா கரையுது. இருபது வருஷம் தாண்டி ஒரு மாசம், ரெண்டாயிரத்து அறுநூத்து அம்பது பணம் கட்டின பிறகுதான் தீரும்.”

நாகம்மை கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தாள். “வீடு ஆயிரம். மிச்சம் ஆயிரத்து அறுநூத்து அம்பதுல இன்னும் ஒன்றரை வீடு கட்டலாமே. அதெல்லாம் எங்கேய்யா?”

“அதைத்தான் நானும் தேடறேன்.”

“தேடு, தேடு. கிடைச்சா சொல்லு. ஆணி வாங்கணும்.”

மறுநாள் காலை முதல் வேலையாக வேம்பன் கஜானாவுக்குப் போனான். “ஐயா, தவணைக்கு மேலே கொஞ்சம் கூட்டிக் கட்டுகிறேன். அதை நேராக அசலில் கழித்துக்கொள்ளுங்கள்” என்றான்.

அரங்கேசர் பல்லைக் கடித்தார். “அப்படி ஒரு வழக்கமே கிடையாது. கொஞ்சம் என்று எழுதிய இடத்தில் கொஞ்சமாகத்தான் கட்ட வேண்டும்.”

“சீக்கிரம் கடனைத் தீர்க்கிறேன் என்று ஒருவன் வந்தால் சந்தோஷப்பட வேண்டாமா?”

“யார் சந்தோஷப்படுவது? போய்ச் சபையில் கோமாளித்தனம் பண்ணு. அதற்குத்தான் உனக்குச் சம்பளம்.”

அந்த எரிச்சலோடு அவன் சபைக்குள் நுழைந்தபோது ராஜா கேட்டார்: “வேம்பா, முகம் ஏன் வேப்பங்காயைத் தின்றது போல் இருக்கிறது?”

வேம்பனால் அடக்க முடியவில்லை. “மகாராஜா! நான் குடியிருப்பது ஒரு வீடு. ஆனால் இன்னும் ஒன்றரை வீட்டுக்குச் சேர்த்துப் பணம் கட்டுகிறேன்!”

ராஜா நெற்றியைப் பிடித்துக்கொண்டார். “எண்!” என்று நாலு பக்கமும் கூச்சல் எழுந்தது. வேம்பன் போய்ச் சுவரைப் பார்த்து நின்றான். அதற்குள் அவன் முதுகுக்குப் பின்னால் அரங்கேசரின் குரல் தேன் போல ஒழுகியது.

“மகாராஜா, கஜானா தன்னிடம் கொள்ளையடித்தது என்கிறான் இவன். கஜானா என்றால் தாங்கள்தானே? பணம் கட்டியது உண்மையானால் அந்த வீடுகளைக் காட்டட்டும். காட்ட முடியாவிட்டால், இருக்கிற வீட்டையும் ஒப்படைத்துவிட்டுப் போகட்டும்.”

ராஜாவுக்குத் தலைவலி. தலைவலியில் எது நியாயமாகத் தெரியாது? “அப்படியே ஆகட்டும். வெள்ளிக்கிழமைக்குள் மீதி வீட்டை எனக்குக் காட்டு. இல்லையேல் சாவியைக் கொடு” என்றார்.

வேம்பன் சுவரிடம், “உத்தரவு” என்றான்.

நாகம்மை அன்று சோறு போட்டுவிட்டு எழுந்தாள். சுவரிலிருந்த ஆணிகளை ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்தாள். திட்டியிருந்தால்கூட வேம்பனுக்குத் தேவலையாக இருந்திருக்கும்.

அடுத்த இரண்டு நாளும் அவன் பைத்தியக்காரன் போல் ஊரைச் சுற்றினான். தன்மேல் எரிச்சல், கையெழுத்துப் போட்ட கைமேல் எரிச்சல், எதிரே வந்த மாட்டின்மேலும் எரிச்சல். வியாழக்கிழமை மாலை, அரண்மனைக்குப் பின்னால் தாமரைக்குளத்தங்கரையில் ராஜா புதிதாகக் கட்டிய வசந்த மண்டபத்தின் படியில் போய் உட்கார்ந்தான். உட்கார்ந்தவன் சட்டென்று எழுந்தான்.

அந்த மண்டபத்தின் திறப்பு விழாவன்று அரங்கேசர் சபை முழுதும் கேட்கப் பெருமையடித்தது நினைவுக்கு வந்துவிட்டது. “குடிகளிடம் வரி வாங்கவில்லை, மகாராஜா. நம் விகடன் வேம்பனின் வீட்டுக் கடனில் வருகிற வட்டி, கடைசித் தவணை வரை சேர்ந்தால் இந்த மண்டபத்தின் செலவுக்குச் சரியாகப் போய்விடும்!” அன்று எல்லோரும் கைதட்டினார்கள். வெட்கமில்லாமல் வேம்பனும் தட்டினான்.

வீட்டுக்கு ஓடிப்போய்க் கொடிக்கயிற்றை அவிழ்த்து வீட்டைச் சுற்றி அளந்தான். அதே கயிற்றைக் கொண்டுவந்து மண்டபத்தில் விரித்தான். ஒரு முழு வீடு உள்ளே அடங்கியது. அதன் பக்கத்தில் பாதி வீடு அடங்கியது. அதற்கப்புறமும் ஒரு சமையலறைக்கு இடம் இருந்தது. கயிற்றைத் தப்பாகப் பிடித்துவிட்டோமோ என்று மறுபடி அளந்தான். இருட்டிவிட்டதால் அதோடு விட்டான்.

அந்த ராஜ்யத்தில் ஒரு வழக்கம் உண்டு. அரண்மனைக்காரர் யார் புதுவீட்டில் பால் காய்ச்சினாலும் ராஜாவே நேரில் வந்து முதல் குவளைப் பாலைக் குடிக்க வேண்டும். வெள்ளிக்கிழமை காலை வேம்பன் வெற்றிலை பாக்குத் தட்டோடு சபைக்கு வந்து, “மகாராஜா, மீதி வீட்டுக்கு இன்று பால் காய்ச்சுகிறோம். தாங்கள் எழுந்தருள வேண்டும்” என்று அழைத்தான்.

மேளம் முன்னே போக ராஜா பல்லக்கில் புறப்பட்டார். சாவிக்கொத்து வாங்க அரங்கேசர் கூடவே நடந்தார். ஊர்வலம் வாசல் தாண்டிக் கடைத்தெருவுக்குப் போனது. கடைத்தெருவிலிருந்து தேர்முட்டிக்குப் போனது. அங்கிருந்து திரும்பி, வந்த வழியே அரண்மனையின் பின்புறம் வந்து தாமரைக்குளத்தங்கரையில் நின்றது.

ராஜா எட்டிப் பார்த்தார். அவருடைய வசந்த மண்டபத்தில், பளபளக்கும் கல்தரைமேல் அடுப்பு மூட்டி நாகம்மை ஊதிக்கொண்டிருந்தாள். புகை மேல்தளம் வரை போய்க்கொண்டிருந்தது. சந்தனமரத் தூணில் ஆணி அடித்து மாவிலைத் தோரணம் கட்டியிருந்தது. தூணில் சுண்ணாம்பால், ‘உபயம்: வேம்பன், நாகம்மை’ என்று எழுதியிருந்தது.

“என் தூணில் யார் ஆணி அடித்தது?” என்று ராஜா கர்ஜித்தார்.

“நான்தாங்க, மகாராஜா” என்றாள் நாகம்மை, ஊதுகுழலை இறக்காமல். “வீட்டுக்காரர் யாரும் வேண்டாம்னு சொல்லலீங்களே.”

“வேம்பா! இது என் மண்டபம்!”

“தங்கள் மண்டபம்தான், மகாராஜா. ஆனால் யார் பணத்தில் என்பதைத் திறப்பு விழாவில் கஜானா அதிகாரி சொன்னார். நான்கூடக் கைதட்டினேன்.” வேம்பன் ஒன்று என்று சொல்லவில்லை, பாதி என்றும் சொல்லவில்லை. கயிற்றை மட்டும் எடுத்து விரித்தான். “இது நான் குடியிருக்கிற வீட்டின் அளவு. இதோ உள்ளே அடங்குகிறது. இதோ பக்கத்தில் இன்னும் இடம். எனக்கு எண் தெரியாது, கயிறே பேசட்டும். மீதி வீட்டைக் காட்டச் சொன்னீர்கள், காட்டிவிட்டேன். பால் பொங்கப் போகிறது.”

“பொய்!” என்று அரங்கேசர் குதித்தார். “இவன் வட்டி முழுவதையும் இன்னும் கட்டி முடிக்கவில்லை. கட்டி முடிக்காதது எப்படி இவனுடையதாகும்?”

வேம்பன் கையெடுத்துக் கும்பிட்டான். “நல்ல கேள்வி ஐயா. என் வீட்டையும் நான் இன்னும் கட்டி முடிக்கவில்லை. அதைமட்டும் ஊரெல்லாம் ‘வேம்பனின் சொந்த வீடு’ என்கிறீர்களே?”

கூட்டத்தில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். ராஜா தாடியைத் தடவினார். “அரங்கேசரே, கொஞ்சம் கட்டினால் போதும் என்றீரே. இந்த மண்டபம் கொஞ்சமா?”

“கொஞ்சம்தான் மகாராஜா! மாதாமாதம் கொஞ்சம்!”

“மொத்தமாகச் சேர்ந்தால் நிறையவா?”

“இவன் கயிற்றை நம்பாதீர்கள்! ஒரு வீடும் அரை வீடும் என்கிறான், அதெல்லாம் தப்புக் கணக்கு! மண்டபத்தின் செலவு ஆயிரத்து அறுநூற்று ஐம்பது பணம்! அவ்வளவும் இவன் வட்டியிலேயே அடங்கும்படி நானே உட்கார்ந்து கணக்குப் போட்டேன்…”

பேச்சு அங்கேயே நின்றது. ராஜா நெற்றியைப் பிடித்துக்கொண்டார். ஆனால் நெற்றியைப் பிடித்த கைக்குக் கீழே வாய் சிரிக்க ஆரம்பித்திருந்தது. மெல்ல ஆரம்பித்த சிரிப்பு தோளைக் குலுக்கி, பல்லக்கையே குலுக்கியது.

“எண்! நீரே சொல்லி, நீரே ஒப்புக்கொண்டீர். போய் அந்தச் சுவரைப் பாரும்!”

அரங்கேசர் குளத்துச் சுவரைப் பார்த்து நின்றார். பால் பொங்கியது. ராஜா முதல் குவளையைக் குடித்துவிட்டு மீசையைத் துடைத்தார்.

“இனிமேல் கடன் கேட்டு வருகிறவரிடம் மட்டும், கையெழுத்துக்கு முன்னால், மொத்தம் எவ்வளவு கட்ட வேண்டும் என்று எண்ணாலேயே சொல்லிவிட வேண்டும். அதுவும் எனக்குக் கேட்காத தூரத்தில். தூணில் எழுதிய பெயர் அப்படியே இருக்கட்டும். வேம்பா, உனக்கு என்ன வேண்டும்? கேள்.”

“தவணைக்கு மேலே கட்டினால் கஜானா அதை வாங்கி அசலில் கழிக்க வேண்டும், மகாராஜா.”

“ஆகட்டும். அது உன் பணம். என்னிடம் என்ன வேண்டும்?”

வேம்பன் மடியிலிருந்து ஒரு பண நாணயத்தை எடுத்து உள்ளங்கையில் வைத்துக் காட்டினான். “என் மாதச் சம்பளத்தில் இதைச் சேர்த்துக் கொடுங்கள். போதும்.”

“இவ்வளவுதானா? பொன் கேட்பாய், நிலம் கேட்பாய் என்று பார்த்தேன். இந்தக் கொஞ்சத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வாய்?”

“கொஞ்சம் என்ன செய்யும் என்பதைத்தான் ஐந்து…” என்று ஆரம்பித்து நாக்கைக் கடித்துக்கொண்டான் வேம்பன். “இத்தனை காலமாகப் பார்த்துவிட்டேனே, மகாராஜா. அதை இனி என் பக்கம் வேலை செய்ய விடுகிறேன்.”

சுவர்ப் பக்கமிருந்து ஓர் அலறல் கேட்டது. “கொடுக்காதீர்கள், மகாராஜா! மாதம் அந்த ஒரு பணத்தைக் கூட்டிக் கட்டினால் இவன் மூன்று வருடம் முன்னாலேயே கடனைத் தீர்த்துவிடுவான்!”

“அடேயப்பா, இன்னும் எண்ணா!” ராஜா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். “நாளைக்கும் சுவர்தான் உமக்கு!” தோளில் கிடந்த பட்டுத் துண்டை எடுத்து வேம்பனுக்குப் போர்த்தி, நாணயத்தை அவன் கையில் தானே வைத்து மூடினார்.

திரும்பும் வழியில் நாகம்மை கேட்டாள்: “மூணு வருஷம்னு அந்த ஆளு சொன்னது நெஜமாய்யா?”

“என் கணக்குல முப்பத்தஞ்சு மாசம் வந்துது. தப்பா இருக்குமோன்னு நெனச்சேன்.”

“நீ போட்டா தப்பா இருக்கும். அந்த ஆளே அழுதுட்டான், சரியாத்தான் இருக்கும்.”

அன்றிரவு வேம்பன் ஓலையை எடுத்தான்.

ஆவணி, இருபத்திரண்டாம் நாள். வீடு தங்கியது. மண்டபத் தூணில் அடித்த ஆணியை எடுத்துவர மறந்துவிட்டோம். நாளை கஜானா திறந்ததும் முதல் ஆளாகப் போக வேண்டும். பன்னிரண்டு பணம் கட்ட வேண்டும், பதினொன்று அல்ல. கூடுதல் பணத்தை அசலில் கழித்ததைக் கண்ணால் பார்த்துவிட்டுத் திரும்ப வேண்டும்.