வெள்ளைப் பலகையின் கடைசி வரி

பதவியேற்கும் நாளன்று காலையில் வாரினியஸுக்கு ரொட்டி தொண்டையில் இறங்கவில்லை.

ரோமாபுரியில் நீதி நடுவர் பதவி ஓராண்டுக்குத்தான். எந்தெந்த விதிப்படி வழக்குகளை நடத்தப்போகிறார் என்பதைப் புது நடுவர் ஒரு வெள்ளைப் பலகையில் எழுதி, முதல் நாளே பொதுவெளியில் மாட்டிவிட வேண்டும். பெரும்பாலும் போன வருஷத்துப் பலகையைப் பார்த்து எழுதுவதுதான். வாரினியஸ் ஒரே ஒரு விதியை மாற்றியிருந்தான்.

பதவிச் சின்னமான பிரம்புக் கட்டை ஏந்திய இரண்டு சேவகர்கள் முன்னால் நடக்க, பலகையோடு தன் சட்ட ஆசான் ஓப்பியஸின் வீட்டுக்குப் போனான். அவர் மொச்சையில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தார்.

“சாப்பிட்டாயா?”

“இறங்கவில்லை.”

“எதை மாற்றினாய்?”

“ஒருவரை இன்னொருவர் தன் அடிமை என்று உரிமை கோரினால், தீர்ப்பு வரும்வரை அவர் சுதந்திரமாக இருக்கலாம் என்று இருந்தது. அதுவரை உரிமை கோருகிறவரின் வீட்டில்தான் இருக்க வேண்டும் என்று எழுதிவிட்டேன்.”

“யார் கேட்டது?”

வாரினியஸ் குரலைத் தாழ்த்தினான். “தெர்மஸ். தேர்தலில் எனக்கு ஆள் திரட்டியவர். கம்பளி நூற்கும் ஹிலாராவைத் தன் அடிமை என்கிறார். முதல் வழக்கே அதுதான். செல்லுமா, ஆசானே?”

ஓப்பியஸ் பலகையை நிதானமாகப் படித்தார். பிறகு அவன் மணிக்கட்டைப் பிடித்தார்.

“நீ என் அடிமை. உட்கார்ந்து கல் பொறுக்கு.”

சேவகன் ஒருவன் சிரித்துவிட்டான். வாரினியஸும் சிரித்தான். பிடி தளரவில்லை.

“நேரமாகிறது, ஆசானே.”

“அடிமைக்கு என்ன நேரம்?”

“ஆதாரம்?”

“சாட்சி சிசிலியில் இருக்கிறான். குளிர் போய்க் கப்பல் வரட்டும். அதுவரை இந்த வீட்டில் கிட. உன் பலகைதான் சொல்கிறது.”

“நான் ரோமின் குடிமகன். ஊருக்கே தெரியும்!”

“அவளும் அதையேதான் சொல்கிறாளாம்.”

“சரி, கப்பல் வருவதற்குள் நீங்கள் என்னை எங்கேயாவது விற்றுவிட்டால்...”

விளையாட்டாகத்தான் தொடங்கினான். பாதியில் நின்றுவிட்டான்.

“அதைப் பற்றிப் பலகையில் ஒன்றும் இல்லை,” என்றார் ஓப்பியஸ்.

“நான் நடுவர். என்மேல் யாரும் கை வைக்க முடியாது.”

“கடைசி வரியைப் படி.”

வருஷா வருஷம் எல்லா நடுவர்களும் யோசிக்காமல் பார்த்து எழுதும் வரி அது. அவனும் அப்படித்தான் எழுதியிருந்தான். இப்போது வாய்விட்டுப் படித்தான்: “புது விதி செய்தவர்மீதும் அதே விதி செல்லும்.”

“டிசம்பரில் உன் பதவி முடியும்வரை உன்மேல் யாரும் கை வைக்க முடியாது,” என்றார் ஓப்பியஸ். “அப்புறம் இந்தச் சேவகர்கள் வேறொருவர் முன்னால் நடப்பார்கள்.”

சேவகர்கள் தரையைப் பார்த்தார்கள்.

“பழையபடி எழுதினால் தெர்மஸ் என்னைத் தொலைத்துவிடுவார்,” என்றான் வாரினியஸ். “பயமாக இருக்கிறது, ஆசானே.”

ஓப்பியஸ் அவன் கையை விட்டார். தண்ணீர்ச் சட்டியில் துணியை நனைத்துப் பிழிந்து நீட்டினார்.

“ஹிலாரா சாப்பிட்டிருப்பாளா?”

வாரினியஸ் துணியை வாங்கி, பலகையில் தான் மாற்றிய விதியின்மேல் வைத்தான்.