பஞ்சு மாற்றாத பிரிண்டர்

“டீச்சர், ஒரு பிரிண்டரை ரீசெட் பண்ணினா உள்ள இருக்க பழைய மை எங்க போகும்?”

ஆறுமுகநயினாருக்கு இதற்குப் பதில் தெரியும். தெரிந்துதான் கேட்டார்.

பாத்திமுத்து தலை நிமிரவில்லை. அவள் முன்னால் ஒரு பழைய இங்க்ஜெட் பிரிண்டர் திறந்து கிடந்தது.

“எங்கயும் போகாது அண்ணாச்சி. பஞ்சுலயேதான் இருக்கும்.”

நயினார் ஸ்டூலில் உட்கார்ந்தார்.

அவருக்கு வயது ஐம்பத்தொன்று. நூல் மில் மூடிய பிறகு, பிரிண்டர் பழுதுபார்க்கக் கற்க அவள் கடைக்கு வந்தவர். கற்றுக்கொடுப்பவளுக்கு இருபத்தொன்பது. முன்பு கம்ப்யூட்டர் வகுப்பு எடுத்தவள் என்பதால் மேலப்பாளையத்தில் அந்தத் தெருவே அவளை டீச்சர் என்றுதான் கூப்பிடும்.

அவர் படித்த முதல் பாடம் பஞ்சுதான்.

அடைப்பு வராமலிருக்க பிரிண்டர் அவ்வப்போது கொஞ்சம் மையைத் துப்பும். அதை அடியிலுள்ள பஞ்சு குடிக்கும். எத்தனை தடவை துப்பியது என்று இயந்திரம் எண்ணிக்கொண்டே வரும்; பஞ்சு நிரம்பும் எண்ணிக்கை வந்ததும் நின்றுவிடும். இரண்டு விளக்குகள் மாறி மாறிச் சிமிட்டும். பஞ்சை மாற்ற வேண்டும். அதன்பிறகே ரீசெட், அதாவது அந்த எண்ணிக்கையைச் சைபராக்குவது.

“உலகம்மாள் வீட்டு மெஷின்ல நான் பஞ்சை மாத்தல டீச்சர்.”

இப்போது அவள் நிமிர்ந்தாள்.

“நாலு மாசம் ஆச்சு. நீங்க என்னைத் தனியா அனுப்பின மொத வீடு. பழைய மெஷின். திறந்தா ஏதாவது ஒடஞ்சிருமோன்னு பயம். லேப்டாப்பை மாட்டி ரீசெட் மட்டும் பண்ணிட்டேன்.”

“அந்த அம்மாட்ட என்ன சொன்னீங்க?”

“புதுப் பஞ்சு போட்டுட்டேன்னு சொன்னேன்.”

பாத்திமுத்து ஸ்க்ரூடிரைவரைக் கீழே வைத்தாள்.

உலகம்மாளின் மகள் வைஷாலி பன்னிரண்டாம் வகுப்பு. பார்வை மிகக் குறைவு. பாடங்களையெல்லாம் அம்மாதான் பெரிய பெரிய எழுத்தில் அச்செடுத்துக் கொடுப்பாள். ஒரு தாளில் ஏழு வரிதான் வரும். பொதுத்தேர்வுக்குப் பதினோரு நாள் இருந்தது.

“நேத்து அந்த நம்பர்ல இருந்து மூணு தடவை போன். நான் எடுக்கல.” நயினார் கைகளை முழங்கால்களுக்கு நடுவே ஒடுக்கிக்கொண்டார். “நாலு மாசமா அந்தத் தெருப் பக்கமே போகல டீச்சர். போன் அடிச்சாலே கவுத்து வச்சிருதேன்.”

பாத்திமுத்து எழுந்தாள். ஒரு புதுப் பஞ்சு, கையுறை, ஸ்க்ரூடிரைவர், லேப்டாப். நான்கையும் பையில் போட்டு அவர் மடியில் வைத்தாள்.

“நீங்களும் வாங்க டீச்சர்.”

“வாரேன். உள்ள வர மாட்டேன்.”

“நான் என்ன சொல்ல?”

“அன்னைக்கு என்ன சொல்லியிருக்கணுமோ, அதை.”

உலகம்மாள் வீடு மாடியில். படியேறும்போது நயினாருக்கு மூச்சு வாங்கியது. பாத்திமுத்து மாடி வாசலிலேயே நின்றுகொண்டாள்.

கதவைத் திறந்த உலகம்மாளின் முகம் அவரைக் கண்டதும் வெளுத்தது.

“திட்டாதீங்க அண்ணாச்சி” என்றாள்.

அவருக்குப் புரியவில்லை.

அவள் அவரை உள்ளே கூட்டிப்போனாள். பிரிண்டரின் அடியில் ஒரு எவர்சில்வர் தட்டு இருந்தது. தட்டில் கறுப்பாக மை தேங்கியிருந்தது. ஒரு சொட்டு விழுந்தது.

“பன்னெண்டு நாளா இப்படித்தான் ஒழுகுது. நான்தான் அளவுக்கு மீறி அச்சடிச்சுக் கெடுத்துட்டேன். நேத்து உங்களுக்கு மூணு தடவை போன் போட்டேன். இனிமே ஓடாதுன்னு சொல்லிருவீங்களோன்னு ரெண்டு ரிங்குலயே நானே கட் பண்ணிட்டேன்.”



நயினாருக்கு இப்போது ஒரு வழி தெரிந்தது. ஆமாம்மா, ரொம்ப அச்சடிச்சுட்டீங்க என்றால் போதும். அவள் நம்புவாள். பஞ்சை மாற்றிவிட்டுப் போய்விடலாம்.

திரும்பிப் பார்த்தார். பாத்திமுத்து தெருவைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

“மை மிச்சமாகட்டும்னு எழுத்தைச் சின்னதாக்கிட்டேன்” என்றாள் உலகம்மாள். “பிள்ளை தாளை மூக்கோட ஒட்டி வச்சுப் படிக்கா. சாயங்காலமானா தலைவலின்னு படுத்துருதா. என்ன செய்ய?”

மேசைமேல் அந்தத் தாள்கள் இருந்தன. நயினார் ஒன்றை எடுத்தார். பதினேழு வரி. ஓரத்தில் எண்ணெய்ப் பிசுக்காக ஒரு நெற்றியின் தடம்.

தாளை வைத்தார்.

“பஞ்சை நான் மாத்தலம்மா.”

“என்ன?”

“மாத்திட்டேன்னு சொன்னது பொய். திறக்கப் பயந்துட்டு எண்ணிக்கையை மட்டும் சைபராக்கிட்டுப் போயிட்டேன். அதான் ஒழுகுது. உங்க தப்பு எதுவும் இல்ல.”

நாலு மாதமாக மனத்துக்குள் கேட்டுக்கொண்டிருந்த வசவுகளுக்காக அவர் காத்திருந்தார்.

உலகம்மாள் அவரைப் பார்க்கவில்லை. தட்டையே பார்த்தாள். பிறகு தரையில் உட்கார்ந்து, முந்தானையால் வாயை மூடிக்கொண்டு அழுதாள்.

“பன்னெண்டு நாளு” என்றாள். “பிள்ளை கேக்கும்போதெல்லாம் கண்ணு பழகிரும்னு சொல்லிட்டேனே.”

நயினார் பையைத் திறந்தார். 

கையுறையை மாட்டினார். பிரிண்டரின் வயரைப் பிடுங்கி, இயந்திரத்தைச் சுவரோரத்திலிருந்து இழுத்துத் திருப்பினார். ஸ்க்ரூவில் ஸ்க்ரூடிரைவரை வைத்து அழுத்தினார். இரண்டு தடவை நழுவியது. மூன்றாம் தடவை சுழன்றது.

பஞ்சு இருந்த பெட்டியை மெல்ல வெளியே இழுத்தார்.

டக்கென்று ஒரு சத்தம்.

பெட்டியைப் பிடித்திருந்த இரண்டு பிளாஸ்டிக் கொக்கிகளில் ஒன்று உடைந்து தரையில் விழுந்தது. உலகம்மாள் அழுகையை நிறுத்திவிட்டாள்.

 இந்த இயந்திரத்துக்கு உதிரிப் பாகம் வருவது நின்று பல வருடமாகிவிட்டது.

நயினார் உடைந்த கொக்கியை எடுத்து உலகம்மாளிடம் காட்டினார்.

“இதை நான் ஒடச்சுட்டேன். இன்னொண்ணு இருக்கு. நிக்குதான்னு பாப்போம்.”

ஊறிக் கனத்த பஞ்சைப் பாலித்தீன் பையில் போட்டுக் கட்டினார். பெட்டியைத் துடைத்தார். புதுப் பஞ்சை வைத்து உள்ளே தள்ளினார். மிச்சமிருந்த கொக்கி பிடித்துக்கொண்டது. மூன்று தடவை ஆட்டிப் பார்த்தார். ஸ்க்ரூவை முடுக்கினார். அதன்பிறகே வயரைச் செருகி, லேப்டாப்பை மாட்டி ரீசெட் கொடுத்தார்.

விளக்கு சிமிட்டாமல் நிலையாக எரிந்தது.

சோதனைத் தாள் வந்தது. நாலு நிறக் கோடுகளும் அறுபடாமல் இருந்தன.

“வாரம் ஒரு தடவை எல்லாக் கலரும் வர மாதிரி ஒரு பக்கம் எடுங்க. சும்மா சும்மா க்ளீனிங் கொடுக்காதீங்க, அதுலதான் பஞ்சு நிறையும். பரீட்சை முடியுத வரைக்கும் ஒருநாள் விட்டு ஒருநாள் நான் வந்து பாக்குதேன்.”

உலகம்மாள் தலையாட்டினாள். மன்னித்தேன் என்று சொல்லவில்லை. கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்து எழுத்தைப் பெரிதாக்கத் தொடங்கினாள்.

இருவரும் படியிறங்கினார்கள்.

“டீச்சர், உள்ள ஒரு கொக்கி ஒடஞ்சிருச்சு.”

“சத்தம் கேட்டுச்சு.”

“கேட்டும் நீங்க உள்ள வரலையே?”

“அதுக்கப்புறமும் நீங்க நிறுத்தாம ஸ்க்ரூ முடுக்குத சத்தம் கேட்டுச்சே அண்ணாச்சி.”