சேவல் விழுங்கிய விடியல்

சேவலும் ஆமையும் மனிதரோடு உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்த காலம் அது. அப்போது தெற்குக் கரையில் ஒரு கடல் இருந்தது. பார்க்க மற்றக் கடல் போலத்தான் இருக்கும். ஆனால் அதில் காலம் ஒரு நிலையில் நிற்காது. காலையில் போட்ட புது வலை மதியம் இற்றுப்போய் வரும். பிடித்த கிழட்டு மீன் கூடைக்குள் குஞ்சாகிக் கிடக்கும். அந்தத் தண்ணீரில் கால் நனைக்கவே ஊரார் பயந்தார்கள்.

பயந்தவர்கள் சும்மா இருந்திருக்கலாம். மனிதருக்கு அது ஏது? அடியில் என்னதான் நடக்கிறது என்று பார்த்துவிட நீர்மூழ்கி கட்டினார்கள். இலுப்பைப் பலகையை வளைத்து, இடுக்கில் பஞ்சைத் திணித்து, குங்கிலியத்தைக் காய்ச்சி ஊற்றினார்கள். ஒளி புகும் மெல்லிய சிப்பியில் சன்னல் வைத்தார்கள். துடுப்பை வெளியே நீட்ட, தண்ணீர் புகாமல் தோலால் இறுக்கிய துளை விட்டார்கள். மூச்சுக்கு ஊதிய தோல் பைகளை உள்ளே அடுக்கினார்கள். அடியில் கல்லைக் கட்டினால் முழுகும், அவிழ்த்தால் மேலே வரும். அதில் ஏறிப் போனவன் கடலாண்டி. போனவன் போனவன்தான். ஒரு வருடமாகியும் வரவில்லை.

அவன் மனைவி இலஞ்சி, அதைக் கட்டிய தச்சர்களில் ஒருத்தி. புருஷனைத் தேடிப் போக இரண்டாவது நீர்மூழ்கியை அவளே கட்டினாள். அவர்களுக்குப் பவளாயி என்று நான்கு வயதில் ஒரு மகள். புறப்படும் முன் இலஞ்சி ஆமையிடம் யோசனை கேட்டாள். அந்தக் கடலுக்குள் போய் வந்த ஒரே உயிர் ஆமைதான்.

“மூணாவது விடியலோட திரும்பிரு, தாயி,” என்றது ஆமை. “அதுவரைக்கும் கரை நீ விட்டுட்டுப் போன மாதிரியே இருக்கும்.”

“அதுக்கு மேல கொஞ்ச நேரம் தங்கிட்டா?”

ஆமை தலையை ஓட்டுக்குள் இழுத்துக்கொண்டது. உள்ளேயிருந்து குரல் மட்டும் வந்தது. “நான் தங்குனேன். திரும்பி வந்தப்போ என்னைத் தெரிஞ்சவங்க ஒருத்தரும் இல்ல.”

கடலடியில் சூரியன் ஏது? விடிந்ததை எப்படி அறிவது? இலஞ்சி சேவலைக் கூட்டிக்கொண்டாள். அந்தக் காலத்துச் சேவலுக்குத் தலைக்கனம் கொஞ்சம் அதிகம். தன்னைக் கேட்டுத்தான் சூரியனே எழுகிறது என்று ஊரெல்லாம் அளந்து திரிந்தது. ஆனால் இருட்டறையில் போட்டு அடைத்தாலும் கரையில் விடிவது அதன் தொண்டைக்குத் தெரிந்துவிடும். அந்த ஒரு நேரம் தவிர வேறு நேரத்தில் அது கூவியதே இல்லை.

“விடியலுக்கு ஒரு தரம் கூவு,” என்றாள் இலஞ்சி. “மூணாவது கூவல் கேட்டதும் கல்ல அவுத்துருவேன். அவரு கெடச்சாலும் சரி, கெடைக்காட்டியும் சரி.”

பிறகு மகளைக் கட்டிக்கொண்டாள். “மூணே மூணு விடியல்தான். எண்ணிக்கிட்டே இரு. அம்மா வந்துருவேன்.”

நீர்மூழ்கி இறங்கியது. முதல் விடியலில் சேவல் கூவியது. அதன் பிறகுதான் பயங்கரம் தொடங்கியது. இலஞ்சியின் நகங்கள் கண்ணெதிரே நீண்டு சுருண்டன. மறு நொடி கையே சிறு பிள்ளையின் கையாகக் குறுகியது. துடுப்பைப் பிடிக்க முடியவில்லை. சேவலின் இறகெல்லாம் உதிர்ந்து, அது குஞ்சாகி, மறுபடி சேவலானது. வெளியே யாரோ பலகையைத் தட்டினார்கள். சிப்பிச் சன்னலில் எட்டிப் பார்த்தால் யாரும் இல்லை. இரண்டாவது கூவல் கேட்டதும் இலஞ்சியின் கை கல்லின் முடிச்சுக்குப் போனது. திரும்பிவிடலாம் என்றுகூட நினைத்தாள்.

அப்போதுதான் சேற்றில் புதைந்து கிடந்த முதல் நீர்மூழ்கியைக் கண்டாள். சன்னல் வழியே கடலாண்டி தெரிந்தான். போன அன்று அவள் கட்டிக்கொடுத்த சோற்றை அவன் இன்னும் தின்று முடிக்கவில்லை. இவளைப் பார்த்து, ‘நீ எங்கே இங்கே?’ என்பதுபோல் புருவத்தைத் தூக்கினான்.

கொக்கியைக் கயிற்றில் கட்டி அந்த நீர்மூழ்கியின் வளையத்தில் மாட்ட வேண்டும். இலஞ்சி துளை வழியே கழியை நீட்டி நீட்டிப் பார்த்தாள். கொக்கி வழுக்கி வழுக்கி விழுந்தது.

சேவலின் தொண்டையில் மூன்றாவது விடியல் வந்து நின்றது.

கூவினால் அவள் கல்லை அவிழ்த்துவிடுவாள். சொன்ன சொல் மாறுகிறவள் இல்லை. இன்னும் ஒரு முழம்தான் பாக்கி. சேவலுக்கு மனசு கேட்கவில்லை. கழுத்தை ஒடுக்கி, வந்த கூவலை அப்படியே விழுங்கிவிட்டது.

“விடிஞ்சிருச்சா?” என்று திரும்பிப் பார்க்காமல் கேட்டாள் இலஞ்சி.

“இன்னும் இல்ல, ஆத்தா.”

விடியும் நேரத்தைப் பற்றி அது சொன்ன முதல் பொய் அதுதான். சற்று நேரத்தில் கொக்கி மாட்டியது. இலஞ்சி கல்லை அவிழ்த்தாள். இரண்டு நீர்மூழ்கிகளும் சேர்ந்தே மேலே வந்தன. கடலாண்டி சோற்றுப் பொட்டலத்தோடு கரையில் இறங்கினான். உச்சி வெயில். இறங்கியவர்களுக்கு ஒரு வீடுகூட அடையாளம் தெரியவில்லை. தலை முழுதும் வெளுத்த ஒருத்தி கருவாடு காயவைத்துக்கொண்டிருந்தாள். இவர்களைக் கண்டதும் பக்கத்தில் கிடந்த ஒரு துடுப்பை எடுத்து ஓங்கினாள்.

“கிட்ட வராதீங்க. அந்தக் கடல்லேருந்து மனுசங்க வர மாட்டாங்க.”

“எம் மக பவளாயியத் தேடி வந்திருக்கேன்,” என்றாள் இலஞ்சி.

துடுப்பு கீழே விழுந்தது. தன்னைவிட இளையவளாய் நின்ற தாயின் முகத்தைக் கிழவி வெகுநேரம் பார்த்தாள்.

“மூணுன்னு சொன்னியேம்மா. நான் எண்ணிக்கிட்டேதான் இருந்தேன்.”

இலஞ்சி சேவலைப் பார்த்தாள். மன்னிப்புக் கேட்கச் சேவல் வாயைத் திறந்தது. பேச்சு வரவில்லை. விழுங்கியிருந்த மூன்றாவது கூவல்தான் அந்த உச்சி வெயிலில் வெளியே வந்தது. அதைக் கேட்டுப் பதறிப்போன இலஞ்சி, “பவளாயி, பவளாயி” என்று கூப்பிட்டுக்கொண்டே அந்தக் கிழவியை இழுத்து மடியில் போட்டுக்கொண்டாள்.

அதன் பிறகு சேவல் ஒரு வார்த்தை பேசியதில்லை. விழுங்கிய விடியலும் அதன் தொண்டையை விட்டு முழுதாய்ப் போகவில்லை; எப்போது மேலே வரும் என்று அதற்கே தெரியாது. மத்தியானத்திலும் பொழுது சாய்கிற வேளையிலும் சேவல் திடீரென்று கூவுவது அன்று தொடங்கியதுதான். அந்தக் கூவல் கேட்டதும் அந்தக் கரைத் தாய்மார்கள் கைவேலையைப் போட்டுவிட்டு, பிள்ளைகளை ஒவ்வொன்றாய்ப் பேர் சொல்லிக் கூப்பிட்டு, கடைசிப் பிள்ளையும் “என்னம்மா” என்கிறவரை நெஞ்சைப் பிடித்துக்கொண்டு நிற்பதும் அன்று முதல்தான்.