ஒரு குதிரை என்பது எவ்வளவு

சுரங்கத்தில் ஊறும் தண்ணீரைக் குதிரைகள் இறைத்துக்கொண்டிருந்த காலம் அது. ஒரு நிலக்கரிச் சுரங்கத்தில் எட்டுக் குதிரைகள் செக்குமாடு போலச் சுற்றி வந்து வடம் இழுத்தன.

அவற்றில் செம்பன் என்ற குதிரைக்கு அன்று காலை கொள்ளு இறங்கவில்லை. லாயத்துக்கு எதிரே ஒரு நீராவி எந்திரம் வந்து நின்றிருந்தது. பழைய எந்திரங்கள் மலை மலையாகக் கரி தின்னும். அவற்றுக்குச் செம்பன் பயந்ததில்லை. இதை யாரோ ஒருவர் திருத்தியிருந்தார்.

"முன்பெல்லாம் என்னைச் சூடாக்கிய இடத்திலேயே தண்ணீர் விட்டுக் குளிர வைப்பார்கள். மறுபடி சூடேறுவதற்கே பெரும்பாதிக் கரி போய்விடும்" என்றது எந்திரம். "இவர் குளிருக்கென்று தனி அறை வைத்துவிட்டார். இப்போது எனக்குக் கால்வாசிச் சாப்பாடு போதும்."

முதலாளி, திருத்தியவரிடம் கேட்டார்: "அதெல்லாம் சரி ஐயா, இது எத்தனை குதிரைக்குச் சமம்?"

"ஒரு குதிரை எவ்வளவு இழுக்கும் என்று தெரிந்தால் சொல்லிவிடலாம். ஒன்றை அளந்து பார்ப்போம்."

செம்பனைப் பூட்டினார்கள்.

"என்னப்பா, பெண் பார்க்கவா வந்திருக்கிறார்கள், இப்படி நடுங்குகிறாய்?" என்றது வடம்.

"அளக்கிறார்கள் அண்ணே. குறைந்தால் விற்றுவிடுவார்கள்."

"தினமும் நடக்கிற நடையை நட. அதுதானே நீ."

"இன்றைக்கு ஒருநாள் நன்றாகச் செய்துவிட்டால் போதும் அண்ணே."

ஒரு மணி நேரம் செம்பன் இழுத்த இழுப்பில் வடம் முனகியது. குதிரையின் வாயில் நுரை தள்ளியது. திருத்தியவர் எடையையும் தூரத்தையும் பார்த்துக் குறித்துக்கொண்டார்: ஒரு குதிரை என்றால் இவ்வளவு. எந்திரத்தின் மேல் 'ஆறு குதிரை' என்று தகடு அடித்தார்கள்.

நாம் எட்டு, அது ஆறுதானே என்று செம்பன் அன்று கொள்ளை மிச்சமில்லாமல் தின்றது.

மறுநாள் முதலாளி அதே கணக்கோடு லாயத்துக்கு வந்தார். காலை முதல் மாலை வரை எட்டையும் இழுக்கவிட்டு அளந்தார். வாட்டசாட்டமான கறுப்பனே முக்கால் குதிரைதான் தேறியது. முந்தைய நாள் வலி தீராத செம்பன் அரைக் குதிரை.

"எட்டு வைத்திருக்கிறேன் என்றல்லவா நினைத்தேன். கூட்டிப் பார்த்தால் ஐந்துகூட வரவில்லையே" என்றார் முதலாளி. சந்தைக்குச் சொல்லி அனுப்பினார்.

எட்டையும் ஒரே கயிற்றில் பிணைத்து நடத்திப் போனபோது எந்திரம் மெல்லக் கூப்பிட்டது.

"அண்ணே, ஒன்று சொல்லிவிட்டுப் போங்கள். என் மேல் ஆறு என்று எழுதிவிட்டார்கள். ஒருநாள் ஐந்தரையாகிவிட்டால் என்னை என்ன செய்வார்களோ. ஒரு குதிரை என்றால் இவ்வளவு என்று நாள் முழுக்க இழுத்துக் காட்டிய அந்த ஒரு குதிரை யார்?"

செம்பன் நின்றது.

"நான்தான்" என்றது. "ஒரு மணி நேரம்தான் இழுத்தேன்."