மருதப்பன் இடம் மாறின கதை

கேஸ் கனெக்‌ஷன சரண்டர் பண்ணப் போயி, இன்னொரு சிலிண்டருக்குக் கையெழுத்துப் போட்டுட்டு வந்த ஆளுங்கதானே நீங்க? சிரிக்காதடா, உன்னையத்தான் சொல்றேன். பக்கத்துல இருக்கறவன் இன்னும் மோசம், அவனுக்கு ஸ்டவ்வே கெடையாது. சரி, கேளுங்க. உங்களுக்கும் முன்னாடி ஒரு அம்மா மாட்டிக்கிட்டா.

கரும்பாறைச் சீமையில கொழுந்தப்ப ராஜான்னு ஒருத்தர். அவர் ஆட்சியில காட்டுல போயி ஒரு சுள்ளி பொறுக்க முடியாது. வீட்டுக்கு வீடு அரண்மனை விறகுதான். வீட்டுத் தலைவன் பேர்ல ஓலை எழுதி ஒப்பந்தம். தினம் காலையில வண்டி வரும், ஒரு கட்டு வரும். வீட்டாள் நின்னு எறக்கணும். பூட்டிட்டுப் போயிட்டா ஆளைப் புடிச்சு உள்ள வெச்சுருவாங்க.

ஒரு நாள் சபைக்குள்ள அங்கம்மான்னு ஒரு பொம்பள வந்தா. தலையில விறகுக் கட்டு. தொப்புன்னு ராஜா முன்னாடி போட்டா.

“போதும் சாமி.”

“எது போதும்?” ராஜா கேட்டாரு.

“எல்லாமே. வீட்டுக்காரரு செத்து எட்டு மாசம். ஒத்த ஆளு, ஒரு வேளைக் கஞ்சி. தினம் ஒரு கட்டு வருது. அடுப்படி போச்சு, நடை போச்சு. இப்ப விறகு உள்ள படுத்திருக்கு, நான் வாசல்ல படுத்திருக்கேன்.”

சபையில யாரும் சிரிக்கல. அவ குரல் எறங்கிப் போச்சு.

“மக வேலம்பட்டியில நெறமாசம். அங்க பாத்துக்க ஒரு நாதியில்ல. நான் போனா விறகு எறக்க ஆளில்ல. நிறுத்திக் குடுங்க சாமி, நான் போகணும்.”

விறகுக் கிடங்கு மணியக்காரர் வீரபத்திரம் ஓலைய விரிச்சாரு. “ஒப்பந்தம் மருதப்பன் பேர்ல இருக்கு. ரத்து பண்ணணும்னா பேர்க்காரர் நேர்ல வந்து ரேகை வைக்கணும்.”

“அவருதாங்க செத்துட்டாரு.”

“கேக்கவே கஷ்டமா இருக்கும்மா. எப்ப வருவாரு?”

ஓரமா நின்னுட்டிருந்த சடையாண்டி வெரல்ல கெடந்த மோதிரத்தத் திருகிக்கிட்டான். சபையில ராஜாவுக்கு யோசனை சொல்றவன் அவன். அன்னைக்கு என்னவோ வாயத் தொறக்கல.

ராஜாவே திரும்பினாரு. “சடையாண்டி, அது என் முத்திரை போட்ட ஓலை. ஒரு எழுத்தக்கூட மாத்த மாட்டேன். ஆனா இந்தம்மா மகளப் போயிப் பாக்கணும். ரெண்டும் நடக்கணும். அஞ்சு நாள் தர்றேன். முடியலேன்னா அவ வீட்டு விறக ஆயுசுக்கும் நீ எறக்கு.”

“ஓலையப் படிச்சுப் பாக்கறியாய்யா?” வீரபத்திரம் நக்கலா நீட்டுனாரு.

“வேணாங்க. ஒரு தடவை பாத்திருக்கேன்.”

மறுநாள் காலையில அங்கம்மா கிடங்குக்குப் போனா. சடையாண்டி சொல்லிக் குடுத்தத அப்படியே சொன்னா.

“ஐயா, எங்க வீட்டுக்காரரு எடம் மாறிட்டாருங்க.”

“எங்க?”

“ஆத்தங்கரை இடுகாடு. தெக்கு மூலை, புளியமரத்துக்கு நேரா.”

வீரபத்திரத்துக்கு மூக்கு செவந்துருச்சு. பின்னாடியே சடையாண்டி வந்து நின்னான்.

“ஏழாவது விதி படிங்க மணியக்காரரே. பேர்க்காரர் இடம் மாறினா ஒப்பந்தம் ரத்தாகாது, விறகும் கூடவே போகும். தகவல் வீட்டாள் சொன்னாப் போதும். எட்டாவது விதி, புது இடத்துல முதல் விறகுக் கட்ட மணியக்காரரே கொண்டுபோயி பேர்க்காரர் கையில ஒப்படைக்கணும். அவர் இல்லேன்னா வர்ற வரைக்கும் காத்திருக்கணும்.”

“செத்தவன் எப்படிய்யா விறகு வாங்குவான்?”

“அவ்வளவு தூரம் நடந்து வந்து ரத்து பண்ணுவாருன்னு நீங்கதானே சொன்னீங்க? உக்காந்த எடத்துல வாங்க மாட்டாரா?”

ராஜா முத்திரைய மீறுனா தலை போயிரும். வீரபத்திரம் கட்டத் தூக்கிக்கிட்டு இடுகாட்டுக்குப் போனாரு. இந்தப் பக்கம் அங்கம்மா வீட்டுக்கு விறகு வண்டி வரல. மத்தியானமே அவ வேலம்பட்டி வண்டியில ஏறிட்டா.

இடுகாட்டுல குழி வெட்டுற சங்கிலிங்கறவன் வந்து பாத்தான். “யாருக்குங்க காத்திருக்கீங்க?”

“மருதப்பனுக்கு.”

“வர்றேன்னு சொல்லியிருக்காருங்களா?”

ரெண்டாம் நாள் ஒரு சாவு வந்துச்சு. வந்தவங்க இவரைப் பாத்துட்டு, செத்தவரோட பங்காளி போலன்னு கையப் புடிச்சு அழுதாங்க. இவரும் வேற வழியில்லாம அழுதாரு. அழுகை நெசமாவே வந்துச்சாம்.

நாலாம் நாள் சபைக்கு ஓடியாந்துட்டாரு. மேலெல்லாம் எறும்புக் கடி.

“மகாராஜா! மருதப்பன் ஒப்பந்தத்த ரத்து பண்ணுங்க!”

“பண்ணிரலாமே,” சடையாண்டி சொன்னான். “பேர்க்காரர் கூட வந்திருக்காரா?”

“அவன் செத்துட்டான்யா! எட்டு மாசமாச்சு!”

“கேக்கவே கஷ்டமா இருக்கு.”

ராஜா ஒதட்டக் கடிச்சுக்கிட்டாரு. “சடையாண்டி, ஓலைய மாத்தக் கூடாது. ஞாபகம் இருக்குல்ல?”

“எதுக்கு மாத்தணும் மகாராஜா? பேர்க்காரர்கிட்டயே குடுத்துருவோம். புளியமரத்தடியில பொதைச்சுருங்க. அவருக்குத் தோணும்போது எந்திரிச்சு வந்து ரத்து பண்ணட்டும். அது வரைக்கும் விறகு எறக்கச் சொல்லி யாரும் அந்தம்மாகிட்ட ஓலை காட்ட முடியாது.”

ராஜா சிரிச்ச சிரிப்புல கிரீடம் ஒரு பக்கம் சாஞ்சுருச்சு. அந்த நேரம் பாத்து வேலம்பட்டியிலேருந்து ஆள் வந்தான். பொண்ணு பொறந்திருக்கு, தாயும் புள்ளையும் சுகம், பாட்டிக்காரி பக்கத்துலயே இருந்தான்னு சேதி.

ராஜா கழுத்து மாலையக் கழட்டுனாரு. “புடி சடையாண்டி. செத்தவன நடக்க வைக்கிற மாதிரி இந்த ஓலைய எழுதின மடையன் மட்டும் கையில கெடைச்சான்னா…”

சடையாண்டி மாலைய வாங்கல. மோதிரம் கெடந்த வெரல நீட்டுனான்.

“இந்த ஓலைக்கு நான் ஏற்கெனவே பரிசு வாங்கிட்டேன் மகாராஜா. பதினோரு வருசம் முன்னாடி, யாரும் கழண்டுக்க முடியாத மாதிரி எழுதுன்னீங்க. நான்தான் எழுதுனேன்.”