இந்தப் பக்கத்துக் கரை

"அம்மா, வழி திறக்குது. ஆனா என்னால போக முடியல."

சங்கரபாண்டியன் வந்து நின்றபோது நாச்சியார் கொத்தவரங்காய் ஆய்ந்துகொண்டிருந்தார். தலை நிமிரவில்லை.

"எங்க தடுக்குது?"

"அந்தப் பக்கம் காலை எடுத்து வைக்கும்போது இந்தப் பக்கத்துக் கால் நிக்க மாட்டேங்கு. வழுக்குது. மூணு நாளா இதே கதைதான். இன்னைக்கு அவ 'அப்பா'ன்னு கூப்பிட்டது காதுல விழுந்துச்சு. ஒரு எட்டுதான் பாக்கி. விட்டுட்டேன்."

சொல்லும்போதே கண் நிறைந்துவிட்டது. அவர் அதை மறைக்கவும் இல்லை.

குரு நாச்சியாருக்கு வயது முப்பத்துநாலு. சீடருக்கு ஐம்பத்தேழு. மதகும் சிறு பாலமும் கட்டும் சர்க்கார் வேலையை ராஜினாமா செய்துவிட்டு, ஆறு வருஷத்துக்கு முன் இந்த மலையடிவார மடத்துக்கு வந்து சேர்ந்தார். ஒரே மகள் செண்பகம் ஒன்பது வயதில் காய்ச்சலில் போய்விட்டாள். அவளைப் பார்க்க வேண்டும். அதைத் தவிர அவருக்கு வேறு ஞானம் எதுவும் வேண்டியிருக்கவில்லை.

மடத்தில் சொல்லித்தருவதும் ஒரே பாடம்தான்.

உலகம் ஓரடுக்கு இல்லை. நாம் சோறு தின்கிற அடுக்கு இது; போனவர்கள் இருக்கிற அடுக்கு வேறு. நடுவில் வழி தானாகக் கிடையாது, நாம்தான் கட்ட வேண்டும். தினமும் காலையில் உட்கார்ந்து, இந்தக் கரையில் இருப்பதை முதலில் வாய்விட்டுச் சொல்ல வேண்டும். பிறகு அந்தக் கரையில் இருப்பதை. சொன்னது சரியாக இருந்தால் கரை இறுகும். இரண்டு கரையும் இறுகினால்தான் வழி ஆளைத் தாங்கும்.

பாலம் கட்டிய மனுஷனுக்கு இது பிடித்துப்போயிற்று. மற்றவர்கள் தடவித் தடவிக் கற்றதை அவர் நோட்டுப் போட்டு எழுதிக் கற்றார்.

ஒவ்வொரு வருஷமும் ஆடி மாதம் மடத்தை அடைத்து எல்லோரையும் ஊருக்கு அனுப்பிவிடுவார் நாச்சியார். எல்லோரும் போவார்கள். சங்கரபாண்டியன் மட்டும் பாத்திரங்களைப் பார்த்துக்கொள்கிறேன் என்று தங்கிவிடுவார். தன் சிரத்தையைக் கண்டு குரு மெச்சுவதாக அவருக்கு ஒரு நினைப்பு.

"அந்தக் கரையச் சொல்லுங்க, ஐயா."

சங்கரபாண்டியன் கண்ணை மூடினார்.

"கொய்யா மரம். கிளையில ஊஞ்சல். செண்பகம் உக்காந்திருக்கா. மஞ்சச் சட்டை. மேல இருந்து மூணாவது பித்தான் இல்ல, ஊக்கு குத்தியிருக்கு. இடது முழங்கால்ல பொருக்கு. வாயில கொய்யாப்பழம். விதை பல்லுல மாட்டி, நாக்கால நெம்புதா."

நாச்சியார் கை நின்றது. இத்தனை வருஷத்தில் இப்படி ஒருவர் கரை சொல்லி அவர் கேட்டதில்லை.

"பாறை மாதிரி இருக்கு," என்றார். "இதுல ஒரு குறையும் இல்ல. இந்தக் கரையச் சொல்லுங்க."

சங்கரபாண்டியனுக்குச் சுருக்கென்றது. நேற்று வந்தவர்களுக்கு வைக்கிற பாடம் அது.

"அது எப்பவோ மனப்பாடம் ஆயிட்டும்மா."

"சொல்லுங்களேன், கேப்போம்."

அவர் மறுபடி கண்ணை மூடிக்கொண்டு கடகடவென்று ஆரம்பித்தார். "ஓடை. ஓடைக்கரையில நாவல் மரம். மரத்தடியில நிழல். நிழல்ல நாய்க்குட்டி படுத்திருக்கு..."

"ஐயா."

"என்னம்மா?"

"நாவல் மரம் போன வருஷம் ஐப்பசி மழையில விழுந்துருச்சு. இன்னைக்குக் காலையில அது மேல உக்காந்துதான் காப்பி குடிச்சீங்க."

சங்கரபாண்டியன் கண்ணைத் திறந்து ஓடைப் பக்கம் பார்த்தார். மரம் நீட்டிக் கிடந்தது. நிழல் இருந்த இடத்தில் நல்ல வெயில். அந்த வெயிலில் ஒரு வளர்ந்த பெட்டை நாய் தன் நாலு குட்டிகளுக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தது.

"முதல் வருஷம் நோட்டுல எழுதினது," என்றார் மெதுவாக. "அதையே சொல்லிக்கிட்டு இருந்திருக்கேன்."

"பரவாயில்ல. இன்னைக்குத் திருத்திரலாம். மிச்சத்தையும் சொல்லுங்க. கிளம்பி வந்த வீடும் இந்தக் கரைதானே?"

இந்த முறை அவர் கண்ணை மூடவில்லை. ஆனால் வாய் பழகிய தடத்திலேயே போயிற்று.

"பச்சைக் கதவு. வாசல்ல என் வீட்டுக்காரி பிரம்மு நிக்கா. சிவப்புச் சேலை. தலை வாரல, கருகருன்னு முடி தோள்ல கிடக்கு. புள்ளையத்தான் பறிகொடுத்தாச்சு, நீங்களும் போறீகளான்னு கேட்டு அழுதுக்கிட்டு..."

அங்கே நின்றுவிட்டார்.

நாச்சியார் அடுத்த காயை எடுத்து ஒடித்தார். 

"அம்மா, பிரம்மு இப்ப எப்படி இருப்பா?"

"எனக்கு எப்படித் தெரியும்? நான் உங்க வீட்டுக்கு வந்ததில்லையே."

 அவர் நெஞ்சு ஊஞ்சல் பக்கமும் வாசல் பக்கமுமாக இழுத்தது. இரண்டும் ஒரே வலியாக வலித்தது.

"ஒரு எட்டுதான்மா. கூப்பிட்டுட்டா. செண்பகம் அங்க காத்துக்கிட்டு இருப்பாளே."

"அவ காத்திருப்பா, ஐயா. இன்னும் இருபது வருஷம் கழிச்சுப் போனாலும் அவளுக்கு ஒன்பது வயசுதான்."

சங்கரபாண்டியன் எழுந்தார்.

"ஊருக்குப் பஸ் எத்தனை மணிக்கு?"

"பதினொண்ணே காலுக்கு ஒண்ணு இருக்கு," என்றார் நாச்சியார். "நடந்து போனா விட்டுருவீங்க."